சம்பந்தி வீட்டுத் தேங்க்ஸ்கிவிங் விருந்து: வான்கோழிக்குப் பக்கத்தில் என்ன வைப்பது?

கரூர்க்காரி | நவம்பர் 6

எல்லோருக்கும் வணக்கம். அட்லாண்டாவுக்கு வடக்கே வசிக்கிறோம். மகளுக்கு இந்த ஆண்டுதான் திருமணம் முடிந்தது. மாப்பிள்ளை வீட்டார் ஜார்ஜியாவிலேயே மேக்கன் பக்கம் தலைமுறைகளாக இருப்பவர்கள். நவம்பரில் வரும் நன்றித் திருநாளான தேங்க்ஸ்கிவிங் விருந்துக்கு எங்களையும் கட்டாயம் வரச் சொல்லியிருக்கிறார்கள். சம்பந்தியம்மா முதலில் "கையை வீசிக்கொண்டு வாருங்கள்" என்றுதான் சொன்னார். நான் விடவில்லை. கடைசியில் "சரி, தொடுகறி இரண்டு கொண்டுவாருங்கள், எதுவானாலும் சரி" என்று இறங்கிவந்தார். அந்த "எதுவானாலும் சரி"தான் என் தூக்கத்தைக் கெடுக்கிறது.

நானும் கணவரும் சைவம். முட்டை சேர்ந்தால் பரவாயில்லை. இருபது பேர்வரை வருவார்களாம். மகளிடம் யோசனை கேட்டேன். "அம்மா, எலுமிச்சை சாதம் மட்டும் வேண்டாம்" என்று சொல்லிவிட்டு ஃபோனை வைத்துவிட்டாள். அலுவலகத்தில் ஆளுக்கொரு பண்டம் கொண்டுவரும் மதிய விருந்துகளுக்குப் போயிருக்கிறேன், ஆனால் ஒரு குடும்பத்தின் மேசைக்குப் போனதில்லை. அங்கே வழக்கமாக என்னென்ன வைப்பார்கள், அதில் நாங்கள் எதைச் சாப்பிடலாம், நாங்கள் எதைக் கொண்டுபோனால் எடுபடும்? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

நியூஜெர்சி_மாமி | நவம்பர் 6

முதலில் வாழ்த்து. அடுத்து ஒரு செய்தி: அந்த விருந்தில் வான்கோழி உற்சவமூர்த்தி. நடுவில் வைத்துப் படம் எடுப்பார்கள், தலைக்கு இரண்டு துண்டு போட்டுக்கொள்வார்கள். மற்றபடி தட்டை நிரப்புவதெல்லாம் சுற்றியிருக்கும் பதார்த்தங்கள்தான். அதனால் சைவக்காரர் பட்டினி கிடப்பார் என்ற பயம் வேண்டாம்.

வழக்கமான வரிசையைச் சொல்கிறேன். மசித்த உருளைக்கிழங்கு, அதன்மேல் ஊற்ற கிரேவி. ரொட்டித் துண்டுகளை செலரி, வெங்காயம், சேஜ் இலையோடு கலந்து சுட்ட ஸ்டஃபிங். பீன்ஸ் கேசரோல், அதாவது அகலத் தட்டில் கலந்து ஓவனில் சுடுவது. சர்க்கரைவள்ளிக்கிழங்குக் கேசரோல். கிரான்பெர்ரி சாஸ். சோளம் ஏதாவது ஒரு வடிவில். பன் ரொட்டி. நீங்கள் போவது தெற்கத்தி வீடு, ஆகவே சோள ரொட்டியை உதிர்த்துச் செய்த டிரெஸ்ஸிங், சுட்ட மாக்கரோனி–சீஸ், கொலார்ட் கீரை மூன்றும் நிச்சயம் இருக்கும்.

சைவப்பூனை | நவம்பர் 6

மாமி பட்டியல் போட்டுவிட்டார்கள். அதில் எங்கெங்கே கண்ணி வைத்திருக்கிறார்கள் என்பதை நான் சொல்கிறேன். இந்த நாட்டில் காய்கறிப் பண்டம் என்றால் காய்கறி தெரிகிறது என்று மட்டுமே பொருள்.

ஸ்டஃபிங், டிரெஸ்ஸிங் இரண்டிலும் கோழிச் சாறு ஊற்றித்தான் ஊறவைப்பார்கள். பறவையின் வயிற்றுக்குள் வைத்து வேகவைத்தது என்றால் பேச்சே இல்லை. கொலார்ட் கீரை புகையிட்ட பன்றிக்கால் எலும்போடு மணிக்கணக்கில் கொதித்திருக்கும். பன்றிக்குப் பதில் புகையிட்ட வான்கோழி போடுவதும் உண்டு, நமக்கு இரண்டும் ஒன்றுதான். கிரேவி வான்கோழித் தட்டில் வடிந்த கொழுப்பில் செய்தது. பீன்ஸில் பேக்கன் தூவியிருக்கலாம். சர்க்கரைவள்ளியின் தலையில் உருகிக் கிடக்கும் மார்ஷ்மெல்லோ என்ற மெத்தென்ற மிட்டாயில் ஜெலட்டின், அதாவது விலங்கின் தோலும் எலும்பும். சோள ரொட்டிக்கு டப்பா மாவு வாங்கினால் அட்டையைப் படியுங்கள், பன்றிக்கொழுப்பு சேர்த்த மாவு புழக்கத்தில் இருந்தது. சீஸில் கன்றின் இரைப்பையிலிருந்து எடுத்த ரென்னெட் இருக்கலாம். அதையும் பார்ப்பவரா நீங்கள் என்பது எனக்குத் தெரியாது.

மிச்சம் இருப்பது மசித்த உருளைக்கிழங்கு, கிரான்பெர்ரி சாஸ், பன். இந்த மூன்றை மட்டும் உண்டு முடித்த ஆண்டுகள் எனக்கு உண்டு. ஆகவே நீங்கள் கொண்டுபோகும் இரண்டில் ஒன்றாவது உங்கள் வயிற்றை நிரப்புவதாக இருக்கட்டும்.

கரூர்க்காரி | நவம்பர் 7

சைவப்பூனை, நன்றி என்று சொல்வதா அழுவதா தெரியவில்லை. ரென்னெட் வரைக்கும் நான் போவதில்லை. மார்ஷ்மெல்லோ செய்தி கணவருக்குத் தெரியாது. அலுவலக விருந்துகளில் விரும்பிச் சாப்பிட்டிருக்கிறார். தெரியாமலே இருக்கட்டும்.

பாஸ்டன்_பாலம் | நவம்பர் 7

அக்கா, அந்தக் குடும்பத்தின் மேசைக்கு மதிப்புக் கொடுத்து, அவர்கள் பண்டத்தையே நன்றாகச் செய்து கொண்டுபோக வேண்டும் என்று சிலர் சொல்வார்கள். அதற்கு முன்னால் அந்தப் "பாரம்பரிய" மேசை எப்படி வந்தது என்று கொஞ்சம் பார்த்துவிடுவோம்.

1621-இல் மாசசூசெட்ஸ் பகுதியின் பிளிமத்தில் ஆங்கிலேயக் குடியேறிகள் நடத்திய அறுவடை விருந்துதான் மூலக்கதை. அங்கிருந்த எட்வர்ட் வின்ஸ்லோ எழுதிய ஒரு கடிதம் இருக்கிறது. பறவை வேட்டைக்கு நால்வரை அனுப்பினார்கள். அந்தப் பகுதிப் பூர்வகுடிகளான வம்பனோக் மக்களின் தலைவர் மாசசோயிட் ஏறத்தாழ 90 பேரோடு வந்தார். அவர்கள் ஐந்து மான்களைக் கொண்டுவந்தார்கள். மூன்று நாள் விருந்து. இவ்வளவுதான் செய்தி. உருளைக்கிழங்கு அப்போது அந்த ஊரில் இல்லை. கிரான்பெர்ரி சதுப்பில் காய்த்திருக்கும், ஆனால் சாஸ் காய்ச்சும் அளவுக்குச் சர்க்கரைக்கு எங்கே போவது? நாடு முழுவதற்குமான விழாவாக லிங்கன் அறிவித்தது 1863-இல். அதற்காகப் பத்திரிகை ஆசிரியர் சாரா ஜோசஃபா ஹேல் ஆண்டுக்கணக்கில் அதிபர்களுக்குக் கடிதம் எழுதிக்கொண்டிருந்தார். நவம்பரின் நான்காம் வியாழன் என்று சட்டம் வந்தது 1941-இல்தான்.

இனி மேசைக்கு வருவோம். சர்க்கரைவள்ளிக்கு மார்ஷ்மெல்லோ குல்லாய் போட்டது 1917-இல் வெளிவந்த ஒரு விளம்பரச் சமையல் கையேடு. மார்ஷ்மெல்லோ விற்ற ஏஞ்சலஸ் நிறுவனம், பாஸ்டன் சமையல் பத்திரிகை நடத்திய ஜேனட் மெக்கென்சி ஹில்லிடம் காசு கொடுத்து எழுதி வாங்கியது. பீன்ஸ் கேசரோல் 1955-இல் கேம்ப்பெல் சூப் நிறுவனத்தின் சோதனைச் சமையலறையில் பிறந்தது. அங்கே வேலைபார்த்த டார்கஸ் ரெய்லி, எந்த வீட்டு அலமாரியிலும் இருக்கக்கூடிய சாமான்களை வைத்து ஒரு பண்டம் வேண்டும் என்று யோசித்துச் செய்தது. காளான் சூப் டப்பா, பீன்ஸ், பால், கொஞ்சம் சோயா சாஸ், மேலே பொரித்த வெங்காயம். அந்த அம்மையார் 2018-இல், 92 வயதில்தான் காலமானார். கிரான்பெர்ரியை டப்பாவில் அடைத்தவர் மார்கஸ் யூரன் என்ற வழக்கறிஞர், 1912-இல். ஐந்து நிமிடத்தில் கிளறும் ஸ்டவ் டாப் ஸ்டஃபிங் பெட்டி கடைக்கு வந்தது 1972-இல்.

சுருக்கமாகச் சொன்னால், பாரம்பரியம் என்று பயபக்தியோடு பார்க்கும் பாதிப் பண்டங்கள் டப்பாவின் முதுகில் அச்சடித்தவை. அந்த மேசையில் நம் பொரியலுக்கும் இடம் உண்டு, கூச்சப்படாமல் கொண்டுபோங்கள்.

நியூஜெர்சி_மாமி | நவம்பர் 7

தம்பி, வரலாறெல்லாம் சரி. முடிவுதான் எனக்கு ஒப்பவில்லை. பண்டத்துக்கு வயது பார்த்தா பாரம்பரியம் வருகிறது? பிறந்ததிலிருந்து ஒவ்வொரு நவம்பரிலும் அந்த பீன்ஸைத் தின்று வளர்ந்த பிள்ளைக்கு, அது டப்பாவில் வந்தால் என்ன, வானத்திலிருந்து வந்தால் என்ன, அது இல்லாவிட்டால் விருந்து குறைப்பட்டுப் போகிறது. நம் வீட்டில் திவசத்துக்கு மிளகாயும் உருளைக்கிழங்கும் சேர்ப்பதில்லை, அவை பின்னால் வந்தவை என்று. ஆனால் மற்ற நாட்களில் மிளகாய் இல்லாமல் ஒரு வேளை ஓடுமா?

மருமகள் வீட்டிலிருந்து முதல்முறையாக வருகிறவர்கள் அவர்கள் பழக்கத்தை இடித்துக்கொண்டு நுழைய வேண்டாம். ஒன்று அவர்களுடையது, ஒன்று நம்முடையது. இரண்டையும் கொண்டுபோ அம்மா.

பாஸ்டன்_பாலம் | நவம்பர் 7

மாமி, மிளகாயை நீங்களே எடுத்ததால் சொல்கிறேன். மிளகாய், சோளம், பீன்ஸ், பூசணி, சர்க்கரைவள்ளி, உருளை, வான்கோழி எல்லாமே இந்த அமெரிக்கக் கண்டங்களில் பிறந்தவை. அந்த மேசையில் வெளிநாட்டுச் சரக்கு என்றால் வெண்ணெய், கோதுமை போன்றவைதான். பீன்ஸில் காய்ந்த மிளகாய் தாளிப்பது ஊர்க்காரர்கள் இரண்டு பேரைச் சேர்த்துவைப்பது.

வாசகன் | நவம்பர் 7

எல்லோரும் சமையல் குறிப்பில் மூழ்கிவிட்டீர்கள். அந்த மான்களைக் கொண்டுவந்த வம்பனோக் மக்களின் வழித்தோன்றல்கள் 1970 முதல் அதே வியாழக்கிழமை அதே பிளிமத்தில் துக்க நாள் கடைப்பிடிக்கிறார்கள். நிலத்தையும் உயிரையும் இழந்தவர்கள் அவர்கள். அதையும் ஒரு வரி எழுதலாமே?

நெறியாளர் | நவம்பர் 7

எழுதியாயிற்று, வாசகன். தேவையான வரிதான், இங்கேயே இருக்கட்டும். விரிவான விவாதத்துக்குத் தனி இழை தொடங்குங்கள், நானும் வருகிறேன். இங்கே கரூர்க்காரியின் கேள்வியைத் தொடர்வோம்.

மினசோட்டா_குளிர் | நவம்பர் 7

இதை ஒட்டியே ஒன்று. எங்கள் பக்கம் தேங்க்ஸ்கிவிங்குக்குக் காட்டரிசி வைப்பார்கள். ஓஜிப்வே பூர்வகுடி மக்கள் ஏரியில் படகில் போய்க் கழிகளால் கதிரைத் தட்டி அறுவடை செய்வது. கறுப்பாக, நீளமாக, கொட்டை மணத்தோடு இருக்கும். வேக முக்கால் மணி நேரமாவது பிடிக்கும். காளான், வெங்காயம், மிளகு போட்டு வதக்கினால் சைவக்காரருக்கு முழுச் சாப்பாடு. ஏரியில் விளைந்ததா, வயலில் பயிரிட்டதா என்று பையில் பார்த்து வாங்குங்கள். சுவையில் வேறுபாடு தெரியும், விலையிலும்.

அடுப்படி | நவம்பர் 8

நான் இங்கே ஓர் உணவகத்தில் வேலை பார்க்கிறேன். எல்லோரும் எந்தப் பண்டம் என்று பேசுகிறீர்கள். யாரும் ஓவனைப் பற்றிப் பேசவில்லை. அந்த வீட்டில் ஓவன் ஒன்றுதான் இருக்கும், பெரிய வீடு என்றால் இரண்டு. இருபது பேருக்கான வான்கோழி காலையிலிருந்து பல மணி நேரம் அதில் குடியிருக்கும். அந்த நேரத்தில் நீங்கள் போய் "இதைக் கொஞ்சம் சூடாக்க வேண்டும்" என்று நின்றால், சம்பந்தியம்மா சிரித்துக்கொண்டே உள்ளுக்குள் திட்டுவார்.

ஆனால் ஓர் இடைவெளி உண்டு. வான்கோழியின் உட்பகுதி 165 டிகிரி ஃபாரன்ஹீட்டைத் தொட்டதும் வெளியே எடுத்து, அரை மணி நேரமாவது அப்படியே விட்ட பிறகுதான் வெட்டுவார்கள். உடனே வெட்டினால் சாறெல்லாம் பலகையில் ஓடிவிடும். அந்த அரை மணி நேரத்தில்தான் எல்லாக் கேசரோல்களும் ஓவனுக்குள் போகும். அந்த வரிசையில் உங்கள் தட்டுக்கும் இடம் உண்டா என்று இப்போதே மகள் மூலம் கேட்டுவையுங்கள். தட்டின் அளவையும் சொல்லுங்கள். இதைக் கேட்டாலே சம்பந்தியம்மாவுக்கு உங்கள்மேல் மரியாதை வந்துவிடும்.

மேக்கன் போக உங்களுக்கு இரண்டு மணி நேரம் ஆகும் என்று நினைக்கிறேன். சமைத்த பண்டம் அறைச்சூட்டில் இரண்டு மணி நேரத்துக்குமேல் இருக்கக் கூடாது. ஆகவே சூடாகக் கட்டிக்கொண்டு போகாதீர்கள். முதல் நாளே செய்து குளிர்பெட்டியில் வைத்து, பனிக்கட்டிப் பெட்டியில் எடுத்துப் போய், அங்கே போய்ச் சுடுங்கள். இரண்டாவது பண்டம் ஓவனே தேவைப்படாததாக இருக்கட்டும்.

கரூர்க்காரி | நவம்பர் 8

இதுதான் எனக்கு வேண்டியிருந்தது! ஓவன் பற்றி நினைத்தே பார்க்கவில்லை. உளுந்து வடை என்று ஒரு யோசனை இருந்தது, அது இப்போதே விழுந்துவிட்டது. ஆறிப்போன வடையைச் சம்பந்தி வீட்டில் வைக்க முடியாது. மாக்கரோனி–சீஸ் செய்துகொண்டு போகலாமா? இங்கே பிள்ளைகளுக்கு நான் செய்வது மிகவும் பிடிக்கும்.

தெற்கத்திச்சீமை | நவம்பர் 8

அக்கா, வேண்டவே வேண்டாம்! நான் அலபாமாவில் வசிப்பவன், அனுபவத்தில் சொல்கிறேன். தெற்கில் மாக்கரோனி–சீஸ் செய்யும் உரிமை ஒவ்வொரு குடும்பத்திலும் ஒருவர் கையில் இருக்கும். பெரும்பாலும் ஓர் அத்தை அல்லது பாட்டி. மற்றவர் செய்துகொண்டு வந்தால் "இதை யார் செய்தது?" என்ற கேள்வி மேசையைச் சுற்றி வரும். அது பாராட்டு அல்ல. கறுப்பின மக்களின் வீடுகளில் இது இன்னும் கண்டிப்பு. இந்தப் பண்டம் இந்நாட்டு மேசைக்கு வந்த கதையில் ஜேம்ஸ் ஹெமிங்ஸ் முக்கியமானவர். பின்னாளில் அதிபரான ஜெஃபர்சனின் அடிமையாக இருந்து, பிரான்ஸில் சமையல் கற்றுத் திரும்பியவர். அந்த வரிசையில் வந்த கைகள் செய்வதை நாம் உட்கார்ந்து சாப்பிடுவதுதான் அழகு.

டிரெஸ்ஸிங்கையும் தொடாதீர்கள். சோள ரொட்டியில் சர்க்கரை போடலாமா கூடாதா என்று அண்ணன் தம்பி பேசாமல் போன வீடுகள் எனக்குத் தெரியும்.

சர்க்கரைவள்ளி செய்யுங்கள். மார்ஷ்மெல்லோவுக்குப் பதில் பெக்கான் கொட்டை போட்டு. ஜார்ஜியா பெக்கானுக்குப் பேர்போன மாநிலம். அவர்கள் ஊர்ச் சரக்கு, சைவத்துக்கும் பழுதில்லை. கொட்டை ஒவ்வாதவர் யாராவது வருகிறார்களா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

நியூஜெர்சி_மாமி | நவம்பர் 8

அதற்கு அளவு நான் தருகிறேன். கிழங்கு 3 பவுண்டு. தண்ணீரில் வேகவைக்காதே, தோலோடு ஓவனில் சுடு, அப்போதுதான் தித்திப்பு ஏறும், நீர்த்துப் போகாது. தோலுரித்து மசித்து, உருக்கிய வெண்ணெய் கால் கப், பால் அரை கப், முட்டை இரண்டு, வனிலா ஒரு தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி. ஏலக்காய் ஒரு சிட்டிகை, அது என் கை வழக்கம். மேலே தூவ: நாட்டுச்சர்க்கரை போல் இருக்கும் பழுப்புச் சர்க்கரை முக்கால் கப், மைதா அரை கப், வெண்ணெய் கால் கப்புக்குச் சற்றுக் கூட, உடைத்த பெக்கான் ஒரு கப். உதிரியாகப் பிசைந்து தனிப் பையில் எடுத்துப் போ, சுடுவதற்கு முன்புதான் தூவ வேண்டும். 350 டிகிரியில் அரை மணி நேரம். குளிர்ந்த தட்டு என்பதால் பத்து நிமிடம் கூடுதலாகப் பிடிக்கலாம். இது 10 பேருக்கு. இருபது பேர் என்றாலும் இரட்டிக்க வேண்டாம், எல்லோரும் ஒரு கரண்டிதான் எடுப்பார்கள், ஒன்றரை மடங்கு போதும்.

ஸ்கார்பரோ_வாசி | நவம்பர் 8

கனடாவில் எங்களுக்கு இந்தத் திருநாள் ஒக்டோபரின் இரண்டாவது திங்களிலேயே முடிந்துவிட்டது. அதனால் நிம்மதியாக உங்கள் பதற்றத்தைப் படித்துக்கொண்டிருக்கிறேன். வற்றாளங்கிழங்குக்கு, அதாவது உங்கள் சர்க்கரைவள்ளிக்கு, மார்ஷ்மெல்லோ போடுகிற வழக்கம் இங்கே அவ்வளவாக இல்லை. எங்கள் வீட்டில் வான்கோழிக்கே யாழ்ப்பாணத் தூள் போட்டுப் பிரட்டி வைத்துவிடுவோம். பிறகு அதற்குப் பக்கத்தில் பாணும் சம்பலும் இருந்தால் போதும். பிள்ளைகளுக்காக உருளைக்கிழங்கு மசியல் செய்வோம். அதிலும் அம்மா பச்சைமிளகாயும் சின்ன வெங்காயமும் தேசிக்காய்ப் புளியும் விட்டுவிடுவார்.

ஆனால் அக்கா, அது எங்கள் வீடு. அடுத்தவர் வீட்டு மேசைக்கு அந்த உறைப்பைக் கொண்டுபோக மாட்டேன். என் வேலையிடத்து நண்பர் வீட்டுக்குப் போகும்போது மரக்கறி ரோல்ஸ் சுட்டுக்கொண்டு போவேன். தட்டு காலியாகித் திரும்பிவரும்.

அடுப்படி | நவம்பர் 9

ரோல்ஸ் விருந்துக்கு முன் கொறிக்க நல்லது, தட்டில் சேராது. இப்போது இரண்டாவது பண்டத்துக்கு வருகிறேன்.

அந்தத் தட்டை மனத்தில் வைத்துப் பாருங்கள். மசித்த உருளை மெத்தென்று இருக்கும். ஸ்டஃபிங் மெத்து. சர்க்கரைவள்ளி மெத்து, தித்திப்பு. மாக்கரோனி மெத்து, கொழுப்பு. பீன்ஸும் சூப்பில் ஊறி மெத்து. எல்லாவற்றின் மேலும் கிரேவி. கடித்து மெல்ல வேண்டியது ஒன்றும் இல்லை. பீன்ஸ் கேசரோலின் மேலே இருக்கும் பொரித்த வெங்காயத்துக்காகப் பிள்ளைகள் சண்டை போடுவது ஏன் என்று நினைக்கிறீர்கள்? அந்தத் தட்டில் மொறுமொறுப்பு அது ஒன்றுதான். அதேபோல் புளிப்பு என்றால் கிரான்பெர்ரி ஒன்றுதான், அதையும் சர்க்கரையில் முக்கி எடுத்திருப்பார்கள்.

தமிழ்நாட்டு இலையில் இப்படி நடக்காது. பருப்பு, நெய் என்று கனமாக ஒரு பக்கம் போனால், மறுபக்கம் ஊறுகாய், பச்சடி, கோசுமல்லி, அப்பளம் என்று ஈடுகட்டிவிடுவோம். ஆகவே நாம் கொண்டுபோக வேண்டியது இன்னொரு கனமான பண்டம் அல்ல. புளிப்பு அல்லது கடிபடுவது. பனீர் மசாலா, வெஜிடபிள் குருமா என்று கொண்டுபோகிறவர்கள் இங்கேதான் சறுக்குகிறார்கள். பண்டம் நன்றாகத்தான் இருக்கும். ஆனால் கிரேவிக்குப் பக்கத்தில் இன்னொரு கிரேவியாக, எதனோடும் ஒட்டாமல் ஓரமாக நிற்கும்.

என் வாக்கு கிரான்பெர்ரித் தொக்குக்கு, அல்லது கேரட்–வெள்ளரி கோசுமல்லிக்கு. இரண்டுக்கும் ஓவன் வேண்டாம்.

சைவப்பூனை | நவம்பர் 9

கிரான்பெர்ரித் தொக்கை இரு கை தூக்கி வழிமொழிகிறேன். நெல்லிக்காய், மாங்காய் இரண்டையும் தேடி அலையும் நமக்கு இந்நாடு கொடுத்த ஈடு அந்தப் பழம்தான். நவம்பரில் பை பையாகக் கிடைக்கும், வாங்கி உறைபெட்டியில் போட்டால் அடுத்த கோடைவரை வரும்.

செய்முறை: 12 அவுன்ஸ் பை ஒன்று, அதாவது 340 கிராம். நல்லெண்ணெய் 4 மேசைக்கரண்டி காயவைத்துக் கடுகு வெடிக்கவிட்டு, பெருங்காயம், மஞ்சள்தூள், பழத்தைப் போட்டு மூடுங்கள். பட்பட்டென்று வெடிக்கும், பயப்பட வேண்டாம், பழத்துக்குள் காற்றறைகள் இருக்கின்றன. உப்பு, மிளகாய்த்தூள், வறுத்துப் பொடித்த வெந்தயம் அரைத் தேக்கரண்டி, நெல்லிக்காய் அளவு வெல்லம். எண்ணெய் பிரிந்ததும் இறக்குங்கள். இப்போது தளர்வாகத் தெரிந்தாலும் ஆறினால் இறுகும், அந்தப் பழத்தில் பெக்டின் அதிகம். அதனால் அடுப்பிலேயே கெட்டியாகும்வரை கிளறினால் மறுநாள் கத்தி வைத்துத்தான் எடுக்க வேண்டும்.

சம்பந்தி வீட்டுக்கு மிளகாய்த்தூளைப் பாதியாக்கி வெல்லத்தை இரட்டித்துவிடுங்கள். மாங்காய்ப் பச்சடிக்கும் தொக்குக்கும் இடையில் நிற்கும்.

பாஸ்டன்_பாலம் | நவம்பர் 9

கிரான்பெர்ரி என் ஊர் விஷயம், எனவே விட மாட்டேன். அந்தக் காற்றறைகளால்தான் அறுவடையே நடக்கிறது. தோட்டத்தில் தண்ணீர் கட்டி, இயந்திரத்தால் கலக்கிவிட்டால் பழங்கள் உதிர்ந்து மிதக்கும், வளைத்துப் பிடித்து அள்ளிவிடுவார்கள். அக்டோபரில் கேப் காட் பக்கம் போனால் குளம் முழுக்கச் சிவப்பாகக் கிடக்கும். இப்போது விளைச்சலில் விஸ்கான்சின் எங்களைத் தாண்டிவிட்டது, நாட்டின் பாதிக்கு மேல் அங்கிருந்துதான். பையில் விற்கும் முழுப்பழம் பெரும்பாலும் தண்ணீர் கட்டாமல் உலர்வாக அறுத்தது. மிதக்கவிட்டு அள்ளியது சாறுக்கும் சாஸுக்கும் போகும்.

1959-இல் இந்தப் பழத்துக்கு ஒரு கண்டம் வந்தது. தேங்க்ஸ்கிவிங்குக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, சில பழங்களில் அமினோட்ரையசோல் என்ற களைக்கொல்லி இருப்பதாக மத்திய அமைச்சர் ஃபிளெமிங் அறிவித்தார். விற்பனை படுத்துவிட்டது. பல வீடுகளில் அந்த ஆண்டு சாஸே இல்லை.

அப்புறம், தொக்கு வைத்தால் ஏற்றுக்கொள்வார்களா என்று தயங்க வேண்டாம். பொது வானொலியில் சூசன் ஸ்டாம்பெர்க் பல பத்தாண்டுகளாகத் தேங்க்ஸ்கிவிங் நெருங்கும்போதெல்லாம் தன் மாமியாரின் கிரான்பெர்ரித் துவையலைச் சொல்லிவந்தார். பச்சைப் பழம், வெங்காயம், சர்க்கரை, சவர் கிரீம், ஹார்ஸ்ராடிஷ் என்னும் காரக்கிழங்கு சேர்த்து அரைத்து உறையவைப்பது. பளீர் இளஞ்சிவப்பு. அதோடு மதுர் ஜாஃப்ரியின் இஞ்சி–பூண்டு போட்ட கிரான்பெர்ரிச் சட்னியையும் அவர் நேயர்களுக்குக் கொடுத்தார். ஆகவே இஞ்சியும் பூண்டும் அந்தப் பழத்தோடு சேர்வது அமெரிக்க வீடுகளுக்கு ஏற்கனவே தெரிந்த செய்தி.

தெற்கத்திச்சீமை | நவம்பர் 9

ஒரு எச்சரிக்கை மட்டும். டப்பாவிலிருந்து அப்படியே சரித்து வைக்கும் கிரான்பெர்ரிக் களி ஒன்று உண்டு. டப்பாவின் வரிகள்கூட அதன் உடம்பில் தெரியும். பார்த்தால் நமக்குச் சிரிப்பு வரும். அதை வட்ட வட்டமாக அறுத்து வைக்காவிட்டால் அழும் பெரியவர்களை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் தொக்கு அதற்குப் பதிலாக வந்தது என்று யாருக்கும் தோன்றக் கூடாது. சின்னக் கிண்ணத்தில், சின்னக் கரண்டியோடு, அதற்குப் பக்கத்தில் வையுங்கள். அளவைப் பார்த்தே காரம் என்று புரிந்துகொள்வார்கள்.

கரூர்க்காரி | நவம்பர் 10

முடிவு செய்துவிட்டேன். சர்க்கரைவள்ளி, பெக்கான் தூவியது ஒன்று. கோசுமல்லி ஒன்று, ஊறவைத்த பாசிப்பருப்பு, கேரட், வெள்ளரி, மாங்காய்க்குப் பதில் பொடியாக நறுக்கிய பச்சைக் கிரான்பெர்ரி. அடுப்படி சொன்ன புளிப்பும் கடிபடுவதும் அதிலேயே வந்துவிடுகிறது, பருப்பு இருப்பதால் எங்களுக்கும் வயிறு நிறையும். தொக்கு கணக்கில் சேராது, ஒரு சின்னப் பாட்டிலில் சம்பந்தியம்மாவுக்குப் பரிசாகத் தனியாகக் கொடுக்கப் போகிறேன். பிடித்தால் மேசைக்கு வரட்டும், இல்லாவிட்டால் குளிர்பெட்டியில் இருக்கட்டும்.

மகளிடம் சொன்னேன். ஓவன் இடைவெளியைக் கேட்டு எழுதியதற்குச் சம்பந்தியம்மா நடுத் தட்டை எங்களுக்கு ஒதுக்கிவிட்டாராம். அதோடு, டிரெஸ்ஸிங்கில் ஒரு சின்னப் பாத்திரம் காய்கறிச் சாறு ஊற்றித் தனியாகச் செய்யப் போவதாகச் சொன்னாராம். நாங்கள் கேட்கவே இல்லை.

நியூஜெர்சி_மாமி | நவம்பர் 10

நல்ல சம்பந்தி வாய்த்திருக்கிறாள். கோசுமல்லிக்கு உப்பு அங்கே போய்ப் போடு, இல்லாவிட்டால் வெள்ளரி தண்ணீர் விட்டுவிடும். தாளிப்பையும் ஒரு குட்டி டப்பாவில் தனியாக எடுத்துப் போ. பெருங்காயம் கொஞ்சமாக.

மினசோட்டா_குளிர் | நவம்பர் 11

மறுநாள் வெள்ளிக்கிழமைக்கும் ஒரு வார்த்தை. மிஞ்சிய மசித்த உருளைக்கிழங்கைக் கட்டிக் கொடுத்துவிடுவார்கள். வேண்டாம் என்று சொல்லிவிடாதீர்கள். போண்டாவுக்கு உதவும்.

சைவப்பூனை | நவம்பர் 11

நானும் போட்டுப் பார்த்தேன், எண்ணெயில் விட்டதும் பிரிந்து கரைந்துவிட்டது. உங்களுக்கு எப்படி நிற்கிறது?

அடுப்படி | நவம்பர் 11

அதில் வெண்ணெயும் கிரீமும் நம் மசாலாவைவிடப் பல மடங்கு. சூட்டில் அது உருகி ஓடும்போது உருண்டையையும் உடைத்துக்கொண்டு போகும். குளிர்பெட்டியிலிருந்து எடுத்த கையோடு பிசையுங்கள், வெளியே வைத்து இளகவிடாதீர்கள். ஒரு கப் மசியலுக்குக் கால் கப் ரொட்டித்தூள் அல்லது பொடித்த அவல், வதக்கி ஆறவைத்த வெங்காயம், பச்சைமிளகாய், இஞ்சி சேர்த்து, எலுமிச்சை அளவுக்குச் சின்னதாக உருட்டி, அரை மணி நேரம் உறைபெட்டியில் வையுங்கள். கடலைமாவுக் கரைசலில் ஒரு கரண்டி அரிசிமாவு கூட்டிச் சற்றுக் கெட்டியாகக் கரைத்து, எண்ணெய் நன்றாகக் காய்ந்த பிறகு நாலைந்தாகப் போடுங்கள். உப்பு மசியலிலேயே இருக்கும், சுவைத்துப் பார்த்துவிட்டுச் சேருங்கள்.